அந்தோனியாரின்ர போத்தல்

தேத்தண்ணியை ஊத்தியிருக்கக் கூடாது.

அது லூசியாவுக்கு ஊத்தி முடிச்ச பிறகுதான் விளங்கினது. பூசுற சென்ற் போத்தலைத் தூக்கிக் குசினி யன்னல் வெளிச்சத்தில பிடிச்சுப் பாத்தாள். நிறம் சரி. அளவும் சரி, கழுத்து வரைக்கும் நிறைஞ்சிருக்கு. ஆனா உள்ளுக்க ரெண்டு தேயிலைத் துண்டு மேலயும் கீழயும் நீந்திக்கொண்டு திரியுது.

"லூசியா! என்னடி குசினிக்குள்ள இவ்வளவு நேரம்?" அம்மா றோசம்மா கிணத்தடியில இருந்து கத்தினா.

"தேத்தண்ணி குடிக்கிறனம்மா!"

சொல்லி முடிக்கேக்கயே மூடியைத் திருகி, போத்தலைப் பாவாடையில துடைச்சு, விறாந்தைக்கு ஓடி, அந்தோனியார் படத்துக்கு முன்னால வைச்சுச் சிலுவையும் போட்டிட்டாள். பக்தியில போட்ட சிலுவை இல்லை அது. அவசரத்தில பாதிச் சிலுவைதான் வந்தது.

ஏனெண்டா அந்தப் போத்தல் அந்தோனியாரின்ர. கடையில களவெடுத்தா முதலாளியிட்ட மன்னிப்புக் கேக்கலாம். வீட்டில களவெடுத்தா அம்மாவிட்ட ரெண்டு அடி வாங்கலாம். புனிதரிட்டக் களவெடுத்தா ஆரிட்டப் போறது? அதுவும் காணாமல் போனதை எல்லாம் கண்டுபிடிச்சுக் குடுக்கிற புனிதரிட்ட!

அப்பா அருளப்பு முந்திக் கடலுக்குப் போனவர். மன்னார்க் கரையில பருவத்தின்ர முதல் மீனை ஆரும் விக்கமாட்டினம். அது கோயிலுக்கு. பெருநாளண்டு ஏலத்தில போடுவினம். நாரிப்பிடிப்பில முதுகு வளையாமல் கடலை விட்டு, வீட்டு முன்பக்கத்தை இடிச்சுப் பான்சிக் கடை போட்ட பிறகும் அருளப்பு அந்தப் பழக்கத்தை விடேல்லை. புதுப் பெட்டி ஒண்டு உடைச்சா முதல் சாமான் அந்தோனியாருக்கு. அதால அந்தோனியாருக்கு முன்னால ஒரு கிழமை சீப்பு நிக்கும், ஒரு கிழமை பவுடர் ரின் நிக்கும். ஒருக்கா நகப்பூச்சும் நிண்டது. இந்த முறை நிண்டது சில்வர் லில்லி சென்ற்.

"அவற்ற கையிலயும் லில்லிப் பூ, போத்தலிலயும் லில்லிப் பூ. மனுசன் சந்தோசப்படும்," எண்டு சொல்லித்தான் அருளப்பு வைச்சவர்.

மனுசன் சந்தோசப்பட்டாரோ தெரியாது. அடுத்த நாள் பொலிஸ் வந்திட்டுது.

பஸாரில பெரிய கடை வைச்சிருக்கிற பெனடிக்ற் முதலாளி முறைப்பாடு குடுத்திட்டார். அருளப்பு விக்கிறது கள்ளச் சென்ற். அசல் எண்டா இந்த விலைக்கு விக்கேலாது. கம்பனியின்ர பேரைக் கெடுக்கிறான். பெனடிக்ற்றின்ர கடை வாசலில பெரிய எழுத்தில 'அசல் சாமான் மட்டும்' எண்டு பலகை தொங்குது. அப்பிடியான மனுசன் சொன்னா ஆர் நம்பமாட்டினம்?

சார்ஜன்ற் சிங்கராசா பெட்டியைத் தூக்கி, அரக்கு உருக்கிச் சீல் வைச்சு, கடையையும் பூட்டினார். கடைசியா அந்தோனியாருக்கு முன்னால வந்து நிண்டார். போத்தலைப் பாத்தார். படத்தைப் பாத்தார். தொப்பியைக் கழட்டி நெஞ்சில வைச்சிட்டு, போத்தலைத் தொடாமல் வெளியில போயிட்டார்.

முதல் தவணைக்குக் கோட்டில நீதவான் அம்மா கேட்ட முதல் கேள்வியே சார்ஜன்ற்றுக்கு வியர்க்கப் பண்ணிப்போட்டுது.

"இது கள்ளச் சாமான் எண்டு ஆர் சோதிச்சது?"

"நான்தான் அம்மா."

"எப்பிடி?"

"மணந்து பாத்தனான் அம்மா."

"உங்கட மூக்கை நான் சாட்சிக் கூண்டில ஏத்தேலாது சார்ஜன்ற். கம்பனியில இருந்து ஆளைக் கூப்பிட்டுச் சோதிச்சு அறிக்கை தாங்கோ. அதுவரைக்கும் சந்தேகம் எண்டு மட்டும் சொல்லுங்கோ, கள்ளம் எண்டு சொல்லாதேங்கோ."

அப்பா வீட்ட வந்து அதை மூண்டு தரம் சொன்னார். "சந்தேகம் மட்டும்தான் றோசம்மா. கள்ளம் இல்லை, சந்தேகம்." ஆனா கடைப் பூட்டில தொங்கின அரக்கைப் பாத்துப் பாத்துத்தான் சொன்னார். கம்பனி ஆள் கள்ளம் எண்டு சொல்லிப்போட்டா கடை போச்சு. அப்பாவும் கம்பிக்கு உள்ளுக்க.

இவ்வளவும் நடந்துகொண்டிருக்கேக்கதான் லூசியா அந்தோனியாரின்ர போத்தலைத் திறந்தது.

காரணத்தை நினைச்சா அவளுக்கு இப்பவும் காது சுடும். பெருநாளுக்கு முந்தின ஒன்பது நாள் நவநாளுக்குக் கோயிலில பாட்டுப் படிக்கப் போனவள். ஓகன் வாசிக்கிற பேதுருவுக்குப் பக்கத்திலதான் அவளின்ர இடம். முதல் நாள் அவன் மூக்கை உறிஞ்சினான். கதிரையைக் கொஞ்சம் அங்கால இழுத்தான். பிறகு மெதுவாத்தான் கேட்டான், ஆனா ஓகன் சத்தம் நிண்ட நேரத்தில கேட்டான்.

"ஆரும் கருவாடு கொண்டு வந்தனீங்களோ?"

பாட்டுக்குழு முழுக்கச் சிரிச்சுது. லூசியா வீட்டுக்குப் பின்பக்கம் கருவாடு காயப்போடுற வாடி. உடுப்புக் கொடி அதோட ஒட்டி. அவள் என்ன செய்ய?

அடுத்த நாள் அந்தோனியாரிட்ட ஒரு சொட்டு. அதுக்கு அடுத்த நாள் ரெண்டு. பேதுரு கதிரையை இஞ்சால இழுத்தான். பிறகு அவள் சொட்டுக் கணக்குப் பாக்கேல்லை.

போத்தல் அரைவாசிக்கு வந்த பிறகுதான் றோசம்மா அதைக் கண்டா. காலமை விளக்குக் கொளுத்த வந்தவ அப்பிடியே நிண்டிட்டா. வீடு முழுக்க லில்லி வாசம். போத்தலில பாதி இல்லை. மூடி இறுக்கமா இருக்கு.

"ஆண்டவரே! அந்தோனியார் பூசுறார்!"

"என்னம்மா?"

"எடியே, எங்கட காணிக்கையை அவர் ஏத்துக்கொண்டிட்டாரடி! உன்ர கொப்பரில பிழை இல்லை எண்டு காட்டுறார்!"

அந்த நேரத்தில வாயைத் திறந்திருக்கலாம். "அவர் பூசேல்லை அம்மா, நான்தான் பூசினனான்" எண்டு ஒரு வசனம். ஆனா அம்மா அழுதுகொண்டு முழங்காலில நிக்கேக்க அந்த வசனம் எப்பிடி வரும்? அண்டைக்குப் பின்னேரமே பக்கத்து வீட்டு மதலேனா அக்கா போத்தலைப் பாக்க வந்திட்டா. இந்தக் கதை பரவுறதுக்கு முதல் போத்தலை நிரப்பிப்போட்டா எல்லாரும் றோசம்மாவுக்குக் கண் பிழை எண்டு நினைச்சுப் போடுவினம், அதோட அலுவல் முடிஞ்சுது எண்டு லூசியா கணக்குப் போட்டாள்.

அந்தக் கணக்குத்தான் தேத்தண்ணி.

விடிய மதலேனா அக்கா போட்ட கத்தலில வாடியில நிண்ட காகம் எல்லாம் எழும்பிட்டுது.

"றோசம்மா! நேற்று அரைவாசி! இண்டைக்கு நிறைஞ்சிருக்கு! யேசு தண்ணியை ரசமாக்கின கானாவூர்க் கலியாணம் மாதிரி!"

குறைஞ்சது ஒரு அற்புதம் எண்டா, நிறைஞ்சது அதைவிடப் பெரிய புதுமையாப் போச்சு. மத்தியானத்துக்கு முதல் விறாந்தை நிறையச் சனம். பள்ளிமுனையில இருந்து வந்தினம், பேசாலையில இருந்து வந்தினம், அடம்பனில இருந்து ஒரு குடும்பம் பஸ் பிடிச்சு வந்திட்டுது. மூண்டாம் நாள் தேத்தண்ணியில பூஞ்சணம் பிடிச்சுது. வெள்ளையா ஒரு படலம் போத்தலுக்குள்ள எழும்பி நிண்டுது.

"பார், பார், பாலன் யேசு!" எண்டா மதலேனா அக்கா. "கையைக் கூடத் தூக்கி ஆசீர்வதிக்கிறார்!"

லூசியா பாத்தாள். உண்மையா ஒரு கை மாதிரித்தான் இருந்தது. அதுக்குப் பிறகு அவளுக்குத் தேத்தண்ணி குடிக்க மனம் வரேல்லை.

ரெண்டாந் தவணைக்குக் கோட்டில அம்மாவோட லூசியாவும் போய்ப் பின்வாங்கில இருந்தாள். நீதவான் அம்மா கண்ணாடிக்கு மேலால சார்ஜன்ற்றைப் பாத்தா.

"கம்பனிக்காரர் எங்க?"

"கடிதம் போட்டிருக்கு அம்மா."

"போன தவணையும் கடிதம். கடிதம் கடலால நீந்தியோ போகுது? ஒரு மனுசன்ர கடையைப் பூட்டிப்போட்டு நீங்கள் ஆறுதலா விசாரிக்கேலாது. அடுத்த தவணைக்கு ஆள் இஞ்ச நிக்க வேணும்." அவ தாளைத் திருப்பினா. "இது என்ன, பெட்டியில ஒரு போத்தல் குறையுது?"

சிங்கராசா தொண்டையைச் செருமினார். "அது அந்தோனியாருக்கு முன்னால நிக்குது அம்மா. நானும் வேதக்காரன். எடுக்க மனம் வரேல்லை."

"அவரிட்டப் பொறுப்புக் கையெழுத்து வாங்கினனீங்களோ?"

கோட்டில எல்லாரும் சிரிச்சினம். லூசியா மட்டும் சிரிக்கேல்லை.

"அந்தப் போத்தலுக்கு மெழுகுதிரி கொளுத்துறதுக்குச் சனம் வருகுதெண்டும் கேள்விப்பட்டன். வழக்குச் சாமானுக்கு வழிபாடு நடக்கேலாது சார்ஜன்ற். அடுத்த தவணைக்கு அதையும் கொண்டு வந்து மற்றதுகளோட சேத்துச் சோதிக்க வேணும்."

சோதிக்க வேணும். அந்தச் சொல்லோட லூசியாவுக்கு அடுத்த தவணை கண்ணுக்கு முன்னால வந்திட்டுது. கம்பனி ஆள் மூடியைத் திறப்பான், மணப்பான், பிறகு சொல்லுவான்: "இது பூஞ்சணம் பிடிச்ச தேத்தண்ணி." பிறகு அப்பாவுக்கு எத்தினை வருச மறியல் கிடைக்கும்? சென்ற் போத்தலில தேத்தண்ணி அடைச்சு வித்தவன் எண்டு ஊர் முழுக்கக் கதைக்கும்.

பள்ளிக்கூடத்தில கூடப் படிக்கிற தாராபுரத்து உம்மு ஸல்மாவிட்ட மட்டும்தான் அவள் எல்லாத்தையும் சொன்னாள். உம்மு ஸல்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரிச்சாள், பிறகு கண்ணைத் துடைச்சுக்கொண்டு புத்தி சொன்னாள்.

"அழாத புள்ள. புதுப் போத்தல் ஒண்டு வாங்கி வை. முடிஞ்சுது."

"எங்க வாங்க? எங்கட கடை பூட்டிக் கிடக்கு."

"வேற ஆரிட்ட அந்தச் சென்ற் இருக்கு?"

ரெண்டு பேரும் ஆளை ஆள் பாத்தினம். மன்னார் முழுக்க வேற ஒரே ஒரு கடைதான்.

லூசியா தன்ர சேமிப்பு உண்டியலை உடைச்சாள். குடையை முகத்துக்குச் சாய்ச்சுப் பிடிச்சுக்கொண்டு பெனடிக்ற் முதலாளியின்ர கடைக்குள்ள போனாள். வெளியில மழையும் இல்லை, உள்ளுக்க வெயிலும் இல்லை. குடையைப் பாத்தே முதலாளி எழும்பி வந்திட்டார்.

"ஆர் பிள்ளை? ஓ! அருளப்பற்ற மகள் எல்லே!"

"ஓம் ஐயா. ஒரு சில்வர் லில்லி."

பெனடிக்ற் முதலாளியின்ர முகம் கொடியேத்தின கோயில் மாதிரி மலர்ந்துது. கடைப் பெடியங்கள் பக்கம் திரும்பினார்.

"கேட்டியளோடா? அருளப்பற்ற சொந்த மகளே அசல் சென்ற் வேணுமெண்டா என்ர கடைக்குத்தான் வாறாள்! கொப்பருக்குச் சொல்லு பிள்ளை, பெனடிக்ற் மாமா கோவிக்கேல்லை எண்டு. இந்தா, அசல். பூசிப் பார். அப்பத் தெரியும் வித்தியாசம்."

லூசியா குடைக்குள்ள தலையைப் புதைச்சுக்கொண்டு வெளியில வந்தாள். பாலத்தடியில நிண்டு, பைக்குள்ள ஒளிச்சுக் கொண்டு வந்த பழைய போத்தலைப் பாலன் யேசுவோட சேத்துக் கடலுக்குள்ள எறிஞ்சாள். பிறகு புதுப் போத்தலைத் திறந்து மணந்தாள்.

மூக்கு எரிஞ்சுது. கண்ணில தண்ணி வந்துது. தும்மல் மூண்டு.

அந்தோனியாரின்ர சென்ற் இப்பிடி எரியேல்லை. அது பஞ்சு மாதிரி, மெதுவா, ஆக்களுக்குத் தெரியாமல் பக்கத்தில வந்து இருக்கிற வாசம். இதெண்டா மண்டையில குத்துது. அப்ப அசல் எண்டா இப்பிடித்தானாக்கும். அப்ப அப்பா வித்தது...

பாலத்துக் கம்பியைப் பிடிச்சுக்கொண்டு நிண்டாள். பெனடிக்ற் முதலாளி பொய் சொல்லேல்லை. பொலிஸ் பிழை விடேல்லை. முதல் மீனைக் கோயிலுக்குக் குடுக்கிற அப்பா, சனத்துக்குக் கள்ளச் சாமானை விக்கிறார். அந்தோனியாருக்கும் கள்ளச் சாமானைத்தான் வைச்சிருக்கிறார். அண்டைக்கு ராத்திரிச் சாப்பாட்டுக்கு அப்பா தன்ர சோத்துக் கோப்பையில கிடந்த பெரிய மீன்துண்டை எடுத்து அவளின்ர கோப்பையில வைச்சார். "சாப்பிடு பிள்ளை, மெலிஞ்சு போனாய்." லூசியா அப்பாவின்ர முகத்தைப் பாக்கேல்லை. பாக்க வெக்கமா இருந்தது. தனக்காக இல்லை, அவருக்காக.

"ஒரு போத்தலாவது அசலா இருக்கட்டும் புள்ள," எண்டு அடுத்த நாள் இதைக் கேட்ட உம்மு ஸல்மா ஆறுதல் சொன்னாள். "நீதவான் அம்மா அதைப் பாத்திட்டு மனம் இரங்குவாவாக்கும்."

தவணையண்டு காலமை சார்ஜன்ற் சிங்கராசா வந்து, தொப்பியைக் கழட்டி, அந்தோனியாரிட்ட "மன்னிக்க வேணும், கோட்டுக் கட்டளை" எண்டு சொல்லிப் போட்டுப் போத்தலை எடுத்தார். பூஞ்சணம் இல்லாததைக் கண்டு மதலேனா அக்கா, "பாலன் கோட்டுக்கு வர விருப்பமில்லாமல் மேல போயிட்டார்," எண்டு மூக்கைச் சிந்தினா.

கோடு நிறைஞ்சு வழிஞ்சுது. முன்வாங்கில பெனடிக்ற் முதலாளி வெள்ளைச் சேட்டோட. சாட்சி மேசையில கொழும்பில இருந்து வந்த கம்பனிப் பொம்பிளை ஸுஹறா, கையில ஒரு சின்ன லைற். வேதப்புத்தகத்தில கை வைச்சுக்கொண்டு அப்பா நிண்டார்.

"அந்தோனியாருக்கு முன்னால இருந்த போத்தலும் இதே பெட்டியில வந்ததோ?" நீதவான் அம்மா கேட்டா.

"ஓம் அம்மா. நானே என்ர கையால எடுத்து வைச்சனான்."

"பிறகு ஆரும் தொட்டவையோ?"

அப்பா சிரிச்சார். அந்த மாதிரி ஒரு கேள்வியை ஆரும் கேப்பினமோ எண்டது மாதிரிச் சிரிப்பு. "அம்மா, எங்கட வீட்டில புனிதற்ற சாமானில கை வைக்க ஆருமில்லை. என்ர மனுசியும் பிள்ளையும் அப்பிடி வளந்த ஆக்கள் இல்லை. இது சத்தியம்."

றோசம்மா பெருமையா லூசியாவின்ர கையைப் பிடிச்சா. லூசியா குனிஞ்சு தன்ர செருப்பைப் பாத்தாள்.

ஸுஹறா ஒரு ஒரு போத்தலா எடுத்தா. அடியில லைற் அடிச்சா. லேபிளை நகத்தால சுரண்டினா. மூடியைத் திறந்து கடுதாசித் துண்டில தொட்டு மணந்தா. நேரம் போய்க்கொண்டே இருந்தது. கடைசியா அந்தோனியாரின்ர போத்தல். அதை மணந்த உடன தும்மினா. திருப்பி லைற் அடிச்சா. திருப்பித் தும்மினா.

லூசியா கண்ணை மூடினாள். முடிஞ்சுது. அசல் ஒண்டு, மிச்சம் எல்லாம் கள்ளம் எண்டு சொல்லப் போறா.

"மெடம்," எண்டா ஸுஹறா, மூக்கைத் துடைச்சுக்கொண்டு. "பெட்டியில வந்த இருபத்துமூணு போத்தலும் எங்கட கம்பனியோட சாமான்தான். அடி முத்திரை சரி, மணம் சரி. நூற்றுக்கு நூறு அசல்."

கோட்டில ஒரு இரைச்சல் எழும்பினது. அப்பாவின்ர தோள் ரெண்டும் கீழ இறங்கிறதை லூசியா கண்டாள். அப்பதான் அவளுக்குத் தெரிஞ்சுது, இவ்வளவு நாளும் அந்தத் தோள் தூக்கிக்கொண்டே நிண்டிருக்கு எண்டு. அப்பா கள்ளன் இல்லை. ஒரு நாளும் இல்லை. அவள்தான் அவற்ற மீன்துண்டைத் திண்டுகொண்டு அவரைக் கள்ளன் எண்டு நினைச்சிருக்கிறாள்.

"ஆனா இது ஒண்டு மட்டும்," ஸுஹறா கடைசிப் போத்தலைத் தூக்கிப் பிடிச்சா, "சுத்தக் கள்ளம். நாங்க நாடு முழுக்க ஒரு வருசமா இதைத்தான் தேடுறம்."

அப்பாவின்ர கை இன்னும் வேதப்புத்தகத்திலதான் இருந்தது. அதை எடுக்கவும் தெரியாமல், வைச்சிருக்கவும் தெரியாமல் நிண்டார். அம்மாவின்ர பிடி லூசியாவின்ர கையில இறுகினது. முன்வாங்கில பெனடிக்ற் முதலாளி கோட்டுக் காத்தாடியை அண்ணாந்து பாத்துக்கொண்டிருந்தார். அது சுத்தேல்லை. பிறகு மெதுவாத் தலையைத் திருப்பி, பின்வாங்கில இருந்த லூசியாவைப் பாத்தார். லூசியாவும் அவரைப் பாத்தாள். கோடு முழுக்கத் தெரியாத ஒண்டு அவை ரெண்டு பேருக்கும் மட்டும் தெரியும். 

கொழும்பில இருந்து வந்த ஸுஹறா போத்தலில 'அந்தோனியாரின்ர' எண்டு பொலிஸ் எழுதி ஒட்டின துண்டை லைற் அடிச்சு வாசிச்சா. பிறகு நிமிந்து, வாங்கு வாங்கா எல்லாற்ற முகத்தையும் பாத்துக் கேட்டா:

"இங்க யாரு இந்த அந்தோனியார்? அவர் இத எந்தக் கடையில வாங்கினவர்?"